புஷ்பமாலா என்.: பிறர் படங்களுக்குள் தன் முகம்

புஷ்பமாலா என். (பிறப்பு: 1956) பெங்களூரைச் சேர்ந்த காட்சிக் கலைஞர். சிற்பியாகத் தொடங்கி, 1990களின் நடுப்பகுதியிலிருந்து புகைப்படத்திலும் நிகழ்படத்திலும் இயங்கி வருபவர். பெரும்பாலான படங்களில் அவரே வேடமிட்டு நிற்கிறார். லட்சுமி, யோகினி, வேளாங்கண்ணி மாதா, சாட்டை ஏந்திய திரைப்பட நாயகி, போலீஸாரிடம் பிடிபட்ட பெண், பாரத மாதா எனப் பல வேடங்கள். வாஸ்கோ ட காமாவாகவும் நின்றிருக்கிறார். முதலெழுத்தைப் பெயருக்குப் பின்னால் இடுவது அவர் வழக்கம். இக்கட்டுரையின் தலைப்பும் அதையே பின்பற்றுகிறது.

இது அவருடைய எல்லாப் படைப்புகளையும் வரிசைப்படுத்தும் கட்டுரை அன்று. ‘தென்னிந்தியாவின் சுதேசிப் பெண்கள்’ என்று தமிழில் சொல்லத்தக்க அவரது படத்தொகுதியை நடுவில் வைத்து, ஒரு கேள்வியைக் கேட்டுப் பார்க்கிறது. தன் முகத்தையே திரும்பத் திரும்பக் காட்டும் ஒருவர் உண்மையில் தன்னைக் காட்டுகிறாரா? அடுத்தவர் வேடத்தில் நிற்பதற்கு ஒரு கலைஞருக்கு எதுவரை உரிமை உண்டு?

மாறுவேடப் போட்டியா?

இவரது படங்களை முதன்முதலில் மாணவர்களிடம் காட்டியபோது ஒரு பையன் சட்டென்று, ‘இது மாறுவேடப் போட்டிதானே ஐயா?’ என்றான். வகுப்பே சிரித்தது. கேள்வி சரியானதுதான். நம் பள்ளிகளில் ஆண்டுவிழா தோறும் மீசை ஒட்டிய பாரதியார்களும், பஞ்சுத் தாடி வைத்த திருவள்ளுவர்களும், மூவர்ணச் சேலை கட்டிய பாரத மாதாக்களும் மேடையேறுகிறார்கள். புஷ்பமாலா செய்வதற்கும் இதற்கும் என்ன வேறுபாடு?

மாறுவேடப் போட்டியில் ஒப்புமைக்குத்தான் மதிப்பெண். குழந்தை எவ்வளவுக்குப் பாரதியாரைப் போல இருக்கிறதோ அவ்வளவுக்குப் பரிசு. மீசை நழுவி விழுந்தால் மதிப்பெண் போயிற்று. புஷ்பமாலாவின் படங்களில் அந்த நழுவலைத்தான் பார்க்க வேண்டும். உடை, அணிகலன், பின்திரை, விளக்கு, கைவிரல்களின் நிலை வரை மூலப்படத்தை மிகுந்த உழைப்போடு திரும்பக் கட்டுகிறார். ஆனால் அதற்குள் நிற்கும் உடல் மூலத்தின் உடல் அன்று. ரவிவர்மாவின் லட்சுமிக்கு வயதே இல்லை. புஷ்பமாலா லட்சுமியாக நின்றபோது அவருக்கு நாற்பத்தைந்தை ஒட்டிய வயது. தாமரையும் கிரீடமும் நகையும் அப்படியே இருக்க, முகம் மட்டும் நாம் பேருந்தில் பார்க்கும் ஓர் அம்மாளின் முகமாக இருக்கிறது. நாட்காட்டியில் ஆயிரம் முறை பார்த்துப் பழகிய கண், இங்கே இடறி நிற்கிறது. அப்போதுதான் மூலப்படமும் யாரோ ஒருவர் கற்பனை செய்து, ஒரு பெண்ணை இருத்தி, அச்சிட்டு விற்ற பொருள் என்பது நினைவுக்கு வருகிறது.

களிமண்ணிலிருந்து கேமராவுக்கு

புஷ்பமாலா பரோடா மகாராஜா சயாஜிராவ் பல்கலைக்கழகத்தில் சிற்பம் பயின்றவர். 1980களில் சுடுமண் உருவங்களால் அறியப்பட்டார். சிற்பி என்ற இந்தத் தொடக்கத்தை அவரது புகைப்படங்களைப் பார்க்கும்போது மறந்துவிடக் கூடாது. மண்ணுக்குப் பதில் தன் உடலையே பொருளாக எடுத்துக்கொண்டார் என்றுகூடச் சொல்லலாம். நிற்கும் விதம், கழுத்தின் சாய்வு, கைகளின் கனம் ஆகியவை ஒரு சிற்பியின் கணக்கோடு அமைந்தவை.

முதல் பெரிய புகைப்படத் தொடர் ‘பேன்டம் லேடி அல்லது கிஸ்மத்’ (1996-98). மும்பையில் எடுக்கப்பட்ட கறுப்பு வெள்ளைப் படங்கள். முகமூடி அணிந்த சாகசக்காரி, தொலைந்துபோன அவளுடைய இரட்டைச் சகோதரி என்று பழைய இந்திப் பட பாணியில் ஒரு துப்பறியும் கதை. படமெடுத்தவர் மீனல் அகர்வால். 1930களில் ‘ஹண்டர்வாலி’ (1935) போன்ற படங்களில் சாட்டையோடு குதிரையேறி வந்த நாடியாவின் சாயல் இதில் வெளிப்படை. ‘பயமறியா நாடியா’ என்று கொண்டாடப்பட்ட அவர் ஆஸ்திரேலியாவில் பிறந்தவர். இந்தியத் திரையின் சாகச வீராங்கனையானார். ‘அசல் இந்தியப் பெண்’ என்ற ஒன்றைத் தேடிப் போனால் வழியில் இப்படிப்பட்டவர்கள்தான் எதிர்ப்படுவார்கள் என்பது புஷ்பமாலாவுக்கு அப்போதே தெரிந்திருக்கிறது.

அடுத்து வந்த ‘சுனஹரே சப்னே’ (1998) கையால் வண்ணம் தீட்டிய புகைப்படங்களால் ஆனது. ஒரு குடும்பத்தலைவியும் அவள் பகற்கனவில் வரும் இன்னொருத்தியும் அதில் வருகிறார்கள். கறுப்பு வெள்ளைப் படத்தில் கன்னத்துக்கு ரோஜா நிறமும் சேலைக்கு நீலமும் பூசித் தரும் ஸ்டுடியோக்கள் ஒரு காலத்தில் நம் ஊர்களிலும் இருந்தன. அறுபதைக் கடந்தவர்கள் வீட்டுச் சுவரில் அப்படி ஒரு திருமணப் படமாவது மாட்டியிருக்கும்.

தென்னிந்தியாவின் சுதேசிப் பெண்கள்

2000 முதல் 2004 வரை புஷ்பமாலா, பெங்களூரில் வாழும் பிரிட்டிஷ் புகைப்படக் கலைஞர் கிளேர் ஆர்னியுடன் இணைந்து உருவாக்கியது ‘நேட்டிவ் விமன் ஆஃப் சவுத் இந்தியா: மேனர்ஸ் அண்ட் கஸ்டம்ஸ்’. இந்தியா ஃபவுண்டேஷன் ஃபார் தி ஆர்ட்ஸ் அமைப்பின் நல்கை இதற்குக் கிடைத்தது. தலைப்பே ஒரு கேலி. பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஐரோப்பியர் நம்மைப் பற்றி எழுதிய நூல்களுக்கு இப்படித்தான் பெயரிட்டார்கள். தென்னிந்தியாவில் வாழ்ந்த பிரெஞ்சுப் பாதிரியார் துபுவாவின் புகழ்பெற்ற நூலின் ஆங்கிலத் தலைப்பிலும் இதே ‘பழக்கவழக்கங்கள்’ உண்டு. 1868க்கும் 1875க்கும் இடையே அரசு ஆதரவில் எட்டுத் தொகுதிகளாக வந்த ‘தி பீப்பிள் ஆஃப் இந்தியா’ புகைப்படங்களைக் கொண்டு மக்களை இனம், சாதி, தொழில் என்று வகைபிரித்து ஒட்டிவைத்தது. ஒரு மனிதரின் படம் அதில் அவருடைய படமாக இல்லை. ஒரு வகையின் மாதிரியாக இருந்தது.

புஷ்பமாலாவும் ‘சுதேசி வகைகள்’ என்று பத்துப் படங்களை முதலில் வைக்கிறார். ரவிவர்மாவிலிருந்து மூன்று: லட்சுமி, நிலவொளியில் அமர்ந்த பெண், குளத்திலிருந்து திரும்பும் பெண். பீஜப்பூர் சுல்தான்கள் காலத்துத் தக்காண ஓவியத்திலிருந்து மைனாவோடு நிற்கும் யோகினி. இதன் மூலம் இன்று அயர்லாந்தில், டப்ளின் செஸ்டர் பீட்டி நூலகத்தில் இருக்கிறது. பக்திப் படத்திலிருந்து வேளாங்கண்ணி மாதா. ஆங்கிலேயரின் உடல் அளவைப் புகைப்படத்திலிருந்து தோடர் பெண். செய்தித்தாள் படத்திலிருந்து ‘குற்றவாளிகள்’. சர்க்கஸ் பெண்ணின் படம் ஒன்று. கன்னடத் திரைப்படக் காட்சி ஒன்று. 1970களின் தமிழ்த் திரைப்படப் படத்திலிருந்து சாட்டை சொடுக்கும் ஜெயலலிதா.

இந்தப் பட்டியலை ஒரு முறை நிதானமாகப் படித்துப் பாருங்கள். கோயிலில் இருக்க வேண்டியதும் காவல் நிலையத்தில் இருக்க வேண்டியதும் ஒரே வரிசையில், ஒரே முகத்தோடு நிற்கின்றன. அரண்மனை ஓவியத்துக்கும் சினிமா விளம்பரத்துக்கும் இங்கே ஒரே மரியாதை. நம் மனத்துக்குள்ளும் படங்கள் இப்படித்தான் கலந்து கிடக்கின்றன என்பது என் எண்ணம். பெண் என்றவுடன் நமக்குள் எழும் உருவம் ஏதோ ஒரு மூலத்திலிருந்து வருவதில்லை. நாட்காட்டி, சுவரொட்டி, தீப்பெட்டி, பாடநூல் எல்லாம் சேர்ந்து செய்த கலவை அது.

தமிழ் வாசகர் இப்பத்தில் மூன்றிடத்தில் தன் ஊரைக் காண்பார். முதலாவது வேளாங்கண்ணி. சேலை உடுத்தி, குழந்தையை ஏந்தி நிற்கும் அந்த மாதா சொரூபம் சாதி சமயம் பாராமல் எத்தனையோ வீடுகளில், ஆட்டோக்களில் இருக்கிறது. ஐரோப்பியக் கன்னிமரி தமிழ்நாட்டுச் சேலைக்குள் புகுந்ததே ஒரு வேடமாற்றம்தான். அதன்மேல் இன்னொரு வேடம் போடுகிறார் கலைஞர். இதில் கேலி மிகக் குறைவு. படம் அமைதியாக இருக்கிறது. பத்தில் மிகக் கனிவானது இது என்பேன்.

இரண்டாவது ஜெயலலிதா. இப்படம் உருவான ஆண்டுகளில் அவர் தமிழ்நாட்டின் முதலமைச்சர். ஊரெங்கும் வானளாவிய கட்-அவுட்டுகளில் ‘அம்மா’வாக உயர்ந்து நின்றார். அந்த வேளையில் புஷ்பமாலா எடுத்துக்கொண்டது அம்மாவை அன்று. அதற்கு முந்தைய, கையில் சாட்டை பிடித்த இளம் நடிகையை. அதிகாரத்துக்கு வந்த ஒரு பெண் தன் பழைய உருவங்களை எப்படி மூடி, புதிய உருவத்தை எப்படிக் கட்டினார் என்பது தமிழர்கள் கண்ணெதிரே நடந்த நாடகம். ஒரே பெண்ணின் இரு படங்களில் எது அசல் என்று கேட்டால் விடை சொல்ல முடியாது. நாடியாவின் சாட்டை, ஜெயலலிதாவின் சாட்டை, புஷ்பமாலாவின் சாட்டை என்று கைமாறி வந்த ஒரு பொருளின் வரலாறும் இதில் இருக்கிறது.

தோடர் பெண்

மூன்றாவது இடம் நீலகிரி. இங்கேதான் இக்கட்டுரை சற்று நிற்க வேண்டியிருக்கிறது.

மனித உடலை அளக்க ஒரு முறையை ஜே. எச். லாம்ப்ரே என்பவர் 1869இல் முன்வைத்தார். மரச்சட்டத்தில் நூல்களை இரண்டு அங்குல இடைவெளியில் குறுக்கும் நெடுக்கும் கட்டி, அந்தக் கட்டங்களின் முன் ஒருவரை நிறுத்திப் படமெடுக்க வேண்டும். படத்திலிருந்தே உயரம், கை நீளம், தோளகலம் எல்லாவற்றையும் கணக்கிட்டு இன்னோர் இனத்தவரோடு ஒப்பிடலாம். அந்தமான் தீவுகளில் எம். வி. போர்ட்மன் 1890களில் கட்டம் போட்ட திரையின் முன் தீவுவாசிகளை நிறுத்தி எடுத்த படங்கள் இம்முறைக்குப் பெயர்போனவை. நீலகிரியின் தோடர்கள் இந்த ஆர்வத்துக்கு மிக அதிகமாக ஆளானவர்கள். இன்றும் இரண்டாயிரம் பேர் அளவிலேயே இருக்கும் இச்சிறு சமூகத்தைப் பற்றி 1873இல் மட்டும் மார்ஷலின் நூல் ஒன்றும் பிரீக்ஸின் நூல் ஒன்றும் வெளிவந்தன. மார்ஷல் மண்டையோட்டின் அமைப்பை வைத்துக் குணத்தைச் சொல்லலாம் என்று நம்பியவர். சென்னை அரசு அருங்காட்சியகத்தின் கண்காணிப்பாளராக இருந்த எட்கர் தர்ஸ்டன் தலையையும் மூக்கையும் அளக்கும் கருவிகளோடு தென்னிந்தியா முழுக்கச் சுற்றினார். 1909இல் வெளிவந்த அவரது ஏழு தொகுதி நூல் இன்றும் நம் நூலகங்களில் இருக்கிறது, ஆய்வேடுகளிலும் மேற்கோளாகிறது.

புஷ்பமாலாவின் ‘தோடா’ படத்தில் அவர் அந்தக் கட்டத் திரையின் முன் நிற்கிறார். செபியா நிறம். பார்த்தவுடன் மனம் சங்கடப்படுகிறது. லட்சுமி வேடத்தில் வந்த சிரிப்பு இங்கே வருவதில்லை.

சங்கடத்துக்குக் காரணம் இரண்டு. ஒன்று, படம் சரியாகவே தன் வேலையைச் செய்கிறது. அளக்கப்படும் உடலின் அவமானத்தை நமக்கு உணர்த்துகிறது. மற்றொன்று, கலைஞரை நோக்கிய ஐயம். புஷ்பமாலா பெங்களூரில் பிறந்த, பல்கலைக்கழகத்தில் பயின்ற, நாடறிந்த கலைஞர். படமெடுத்து முடிந்தால் வேடத்தைக் கலைத்துவிட்டுத் தேநீர் குடிக்கப் போகலாம். அந்தக் காலத்தில் கட்டத்தின் முன் நிறுத்தப்பட்டவருக்கு அந்த வசதி இல்லை. வலியவரின் உருவத்தை எளியவர் போட்டுக்கொள்வது கேலி. எளியவரின் உருவத்தை வசதியுள்ளவர் போட்டுக்கொள்வது என்ன? லட்சுமிக்கும் ஜெயலலிதாவுக்கும் இந்தக் கேள்வி எழவில்லை. தோடர் பெண்ணுக்கும் ‘குற்றவாளிகளுக்கும்’ எழுகிறது.

இந்தப் படம் மட்டும் தனியாக இருந்திருந்தால் அதைக் குறை சொல்லித்தான் எழுதியிருப்பேன். ஆனால் தொகுதியின் இரண்டாம் பகுதியான ‘இனவரைவியல் வரிசை’ ஒரு காரியம் செய்கிறது. அதே பாத்திரங்கள் அந்த அளவைத் திரையின் முன் கொண்டுவரப்படுகிறார்கள். தெய்வத்துக்கும் விலக்கு இல்லை. பூசையறைப் படத்தில் இருப்பவளின் கையையும் முகத்தையும் அளவுகோலால் அளந்தால் எப்படி இருக்கும்? அபத்தம் அப்பட்டமாகத் தெரிகிறது. நாம் கும்பிடுபவளை அளப்பது அபத்தம் என்றால், நீலகிரிப் பெண்ணை அளந்தது மட்டும் எப்படி அறிவியல் ஆயிற்று? கேலி இப்போது அளக்கப்பட்டவள் மேல் விழாமல் அளவுகோலின் மேல் விழுகிறது. முதல் பகுதியில் கடன்பட்டதை இரண்டாம் பகுதியில் ஓரளவு அடைக்கிறார் கலைஞர்.

ஓரளவுதான். பழைய அளவைப் படத்தில் நின்றவருக்குப் பெரும்பாலும் பெயர் கிடையாது. எண்ணும் இனமும் மட்டுமே எழுதப்பட்டன. புஷ்பமாலாவின் படத்திலும் அவர் ‘தோடா’வாகவே இருக்கிறார். பெயர்ப்பலகையில் வருபவை படைத்தவர்களின் பெயர்கள். இந்தக் குறையைக் கலையால் தீர்க்க முடியுமா என்பது வேறு கேள்வி. ஆனால் குறை இல்லை என்று சொல்வதற்கில்லை.

இந்தப் படத்தைப் பற்றி நான் நடுநிலையோடு எழுத முடியாது என்பதையும் சொல்லிவிடுகிறேன். நானும் அளந்தவன். பத்தாம் வகுப்புத் தேர்வுக்குப் பெயர்ப்பட்டியல் தயாரிக்கும்போது ஒவ்வொரு மாணவருக்கும் அங்க அடையாளங்கள் இரண்டு எழுத வேண்டும். ‘வலது முழங்கையில் ஒரு மச்சம்’, ‘இடது புருவத்தின் மேல் தழும்பு’. பிள்ளைகளை வரிசையில் நிறுத்தி, கையைக் காட்டு, கழுத்தைத் திருப்பு என்பேன். மச்சம் கிடைக்காத பிள்ளைகள் தவித்துப் போவார்கள். பெண் பிள்ளைகளில் சிலர் தலையைக் குனிந்துகொண்டு, ‘இல்லை ஐயா’ என்று மெல்லச் சொல்வார்கள். நான் விடமாட்டேன், படிவத்தில் இடம் காலியாக இருக்கக் கூடாதே. அந்தத் தழும்பு எப்படி வந்தது என்று ஒருவரிடமும் கேட்டதில்லை. ‘தோடா’ படத்தின் முன் முதன்முதலாக நின்றபோது புஷ்பமாலா நினைவுக்கு வரவில்லை. அந்த வரிசைதான் வந்தது.

பொத்தானை அழுத்தியவர் யார்?

இவரது படங்களைத் ‘தற்படம்’ என்று சொல்வது வழக்கமாகிவிட்டது. செல்ஃபிக் காலத்து மாணவர்களுக்கு அச்சொல் எளிதாகவும் பிடிபடுகிறது. ஆனால் கேமராவுக்குப் பின்னால் நிற்பவர் பெரும்பாலும் வேறொருவர். மீனல் அகர்வால், கிளேர் ஆர்னி, ‘பாம்பே போட்டோ ஸ்டுடியோ’ தொடரில் இந்தி நடிகர் நடிகையரைப் படமெடுத்துப் பெயர்பெற்ற ஜே. எச். தாக்கர். தன்னை எப்படிப் பார்க்க வேண்டும் என்று முடிவு செய்பவர் புஷ்பமாலா. பார்ப்பவர் இன்னொருவர். நம் உருவத்துக்கும் நமக்கும் உள்ள உறவு எப்போதும் இப்படித்தானே இருக்கிறது?

இதே காரணத்தால் அவரை அமெரிக்கக் கலைஞர் சிண்டி ஷெர்மனோடு ஒப்பிட்டு முடித்துவிடுவது போதாது. ஷெர்மனின் ‘அன்டைட்டில்டு ஃபிலிம் ஸ்டில்ஸ்’ (1977-80) ஹாலிவுட் பெண்களின் பொதுச் சாயலைப் பிடிப்பவை. குறிப்பிட்ட எந்தப் படத்தின் நகலும் அல்ல. ஷெர்மன் பெரும்பாலும் தனியாக வேலை செய்பவர். புஷ்பமாலாவுக்கு மூலம் வேண்டும், அந்த மூலத்தின் ஆண்டும் ஊரும் வேண்டும், தையற்காரர், திரை வரைபவர், ஒப்பனைக்காரர் என்று ஒரு கூட்டம் வேண்டும். அவருடையது ஒரு நாடகக் கம்பெனியின் வேலைமுறை. ‘சுதேசிப் பெண்கள்’ தொகுதியில் ‘செயல்முறை வரிசை’ என்றே ஒரு பகுதி இருக்கிறது. திரைக்குப் பின்னால் நடப்பதையெல்லாம் அது காட்டிவிடுகிறது.

கிளேர் ஆர்னியின் இடமும் தற்செயலானது அன்று. கேமராவின் பின்னால் ஒரு வெள்ளையர், முன்னால் ஓர் இந்தியப் பெண் என்பது பத்தொன்பதாம் நூற்றாண்டின் அதே ஏற்பாடு. ஆனால் இங்கே இருவரும் பெண்கள், இருவரும் ஒரே ஊர்க்காரர்கள், நிற்பவர்தான் வேலை ஏவுகிறார். தொகுதி இருவர் பெயரிலும் வந்தது. அதைப் புஷ்பமாலாவின் பெயரில் மட்டும் குறிப்பிடும் பழக்கம் பல கட்டுரைகளில் காணப்படுகிறது. அது தவறு.

கரும்பலகையும் குழம்புச் சட்டியும்

நிகழ்படங்களில் ‘ராஷ்ட்ரீய கீர் அண்ட் தேசீய சாலட்’ (2004) முதன்மையானது. கறுப்பு வெள்ளை, பதினோரு நிமிடம். விடுதலைக்குப் பிந்தைய பத்தாண்டுகளில் குடும்பப் பெண்கள் எழுதிவைத்த சமையல் குறிப்பேடுகளிலிருந்து பிறந்தது. பாத்திரங்கள் மூவர்: ராணுவ அதிகாரியான தந்தை, கருவுற்ற தாய், பள்ளி செல்லும் மகன். இவர்கள் கரும்பலகையில் எழுதுகிறார்கள். பாயசத்தின் அளவும் தேசத்தின் கனவும் ஒரே பலகையில் ஒரே சுண்ணக்கட்டியால் எழுதப்படுகின்றன. முப்பதாண்டுக் காலம் கரும்பலகையோடு வாழ்ந்தவன் என்ற முறையில் சொல்கிறேன்: பலகையில் எழுதியதற்கு ஓர் அதிகாரம் வந்துவிடும். தவறாக எழுதினாலும் பிள்ளைகள் அப்படியே குறிப்பேட்டில் எழுதிக்கொள்வார்கள். அன்றைய லட்சியக் குடும்பமும் அப்படி எழுதிப்போட்டு, எல்லாரும் பார்த்து எழுதிக்கொண்ட பாடம்தான் என்பதைப் படம் சத்தமில்லாமல் சொல்கிறது. ‘பாரிஸ் ஆட்டம்’ (2006) நிழற்படங்களை அடுக்கியே செய்த நீண்ட படம். நான் அதில் அதிகம் ஒன்ற முடியவில்லை.

2000களின் நடுப்பகுதி முதல் பாரத மாதா உருவத்தை எடுத்துக்கொண்டார். அபனீந்திரநாத் தாகூரின் 1905ஆம் ஆண்டு ஓவியமும், விடுதலைப் போராட்டக் கால அச்சுப் படங்களும் மூலங்கள். இவற்றுள் சில, அலங்காரத்தின் கனத்தில் அமுங்கிவிடுகின்றன என்பது என் கருத்து. மூலம் தெரிந்தவருக்கு மட்டும் திறக்கும் பூட்டாகிவிடும் அபாயம் இவரது பாணியில் எப்போதும் உண்டு. 2014 கொச்சி பியனாலேயில் வைத்த வாஸ்கோ ட காமா படம் அப்படியன்று. போர்ச்சுகீசிய ஓவியர் வெலோசோ சல்காதோ 1898இல் வரைந்த ஓவியத்தை, காமா வந்திறங்கிய அதே கேரளக் கரையில், காமாவாகத் தானே நின்று திருப்பிக் காட்டினார். நாயகனின் தாடிக்குள் ஒரு பெண் இருக்கிறாள் என்று தெரிந்த கணத்தில் ஓவியத்தின் கம்பீரம் கலைந்துவிடுகிறது.

பாரத மாதா வேடம் முழு வலிமை பெற்றது ஓர் அடுப்படியில். பெங்களூரில் 2017 செப்டம்பர் 5 அன்று இதழாளர் கௌரி லங்கேஷ் தன் வீட்டு வாசலில் சுட்டுக் கொல்லப்பட்டார். கௌரி முகநூலில் எழுதியிருந்த ஓர் அவசரச் சாறு செய்முறையை, பாரத மாதா வேடத்தில் நின்று பார்வையாளர் முன் சமைத்தார் புஷ்பமாலா (2018). சாறு என்பது கன்னட வீட்டு ரசம். இறந்தவரின் வேடத்தைப் போடவில்லை. அவருடைய சொற்களை எடுத்து அடுப்பில் ஏற்றினார். தோடர் பெண்ணின் படத்தில் கிடைக்காத விடை ஒன்று இங்கே கிடைத்ததாகத் தோன்றுகிறது: அடுத்தவர் உருவத்துக்குள் புகாமலே அவரை முன்னிறுத்தலாம். அவர் பெயரைத் தலைப்பிலேயே சொல்லலாம்.

சென்னையில்

சென்னை போட்டோ பியனாலேயின் இரண்டாம் பதிப்புக்கு (2019) கலை இயக்குநராக இருந்தவர் புஷ்பமாலா. அவர் வைத்த தலைப்பு ‘ஃபானா ஆஃப் மிரர்ஸ்’, அதாவது கண்ணாடிக்குள் வாழும் உயிர்கள். அர்ஜென்டினா எழுத்தாளர் போர்ஹெஸ் எடுத்துச் சொன்ன ஒரு சீனக் கதையிலிருந்து வந்தது. முன்பு கண்ணாடி உலகத்தினர் தனி மக்களாக இருந்தனர். மனிதரோடு போரிட்டுத் தோற்றதால் மனிதர் செய்வதையே திரும்பச் செய்யும்படி சபிக்கப்பட்டனர். ஒருநாள் அவர்கள் நம்மைப் போலச் செய்வதை நிறுத்திக்கொள்வார்கள் என்பது கதை. ‘சுதேசிப் பெண்கள்’ படங்களில் உள்ள சிறு பிசகுகளைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு இந்தக் கதைதான் நினைவுக்கு வரும்.

நம் ஊர் ஸ்டுடியோக்களிலும் கண்ணாடி உண்டு. பூப்புச் சடங்குக்குப் பூச்சடை தைத்த பெண்ணை நிறுத்தி, பின்னால் ஓர் ஆளுயரக் கண்ணாடியை வைத்துப் படமெடுப்பார்கள். முகமும் தெரிய வேண்டும், சடையும் தெரிய வேண்டும். என் அக்காள் படம் அப்படி ஒன்று எங்கள் வீட்டில் இருக்கிறது. எதிரே இருப்பவள் அழுத முகத்தோடு கேமராவைப் பார்க்கிறாள். கண்ணாடியில் இருப்பவளுக்கு முகம் தெரியாது, பூ மட்டும்தான். புஷ்பமாலாவின் படங்களை மாணவர்களுக்குக் காட்ட விரும்பும் ஆசிரியர்கள் முதலில் இத்தகைய ஒரு வீட்டுப் படத்தைக் கொண்டுவரச் சொல்லலாம். அந்தப் படத்தில் இருப்பவரிடம், அன்று எப்படி நிற்கச் சொன்னார்கள், யார் சொன்னார்கள் என்று கேட்டு எழுதிவரச் சொல்லலாம். அதற்குப் பிறகு ‘செயல்முறை வரிசை’யிலிருந்து தொடங்கி, பின்னோக்கி லட்சுமி வரை போனால் படங்கள் நன்றாகப் பிடிபடும்.